ஆபிராம் எடுத்துக்கொள்ளாதது

(கிறிஸ்துவின் திருவுடல் திருஇரத்தப் பெருவிழா, 22 ஜூன் 2025 – வானொலி மறையுரை)

 

இன்றைய முதல் வாசகம் மிகச் சிறியது. தொடக்க நூல் 14-ஆம் அதிகாரத்திலிருந்து மூன்றே வசனங்கள். சாலேம் அரசரும் குருவுமான மெல்கிசெதேக்கு அப்பமும் திராட்சை இரசமும் கொண்டு வருகிறார், ஆபிராமுக்கு ஆசி வழங்குகிறார். ஆபிராம் பத்தில் ஒரு பங்கை அவருக்குக் கொடுக்கிறார். இவ்வளவுதான். அப்பமும் இரசமும் இருப்பதால் நற்கருணையின் முன்னடையாளமாக இதைத் திருச்சபை இந்தப் பெருவிழாவில் வாசிக்கிறது. ஆனால் ஆபிராம் எங்கிருந்து திரும்பி வரும்போது இது நடந்தது? போர்க்களத்திலிருந்து. கையில் வாளோடு, உடலெல்லாம் புழுதியோடு வந்த மனிதருக்குத்தான் அந்த அப்பமும் இரசமும் கொடுக்கப்பட்டன. இன்று இதைச் சற்று விரிவாகச் சிந்திப்போம்.

நடந்தது இதுதான். கிழக்கேயிருந்து நான்கு அரசர்கள் ஒன்று சேர்ந்து படையெடுத்து வந்தார்கள். சோதோம் முதலான ஐந்து நகர்களின் அரசர்கள் எதிர்த்துப் போரிட்டுத் தோற்றார்கள். வென்றவர்கள் ஊரைச் சூறையாடி, பொருள்களையும் ஆள்களையும் வாரிக்கொண்டு போனார்கள். பிடிபட்டவர்களில் ஆபிராமின் சகோதரன் மகன் லோத்தும் ஒருவர். தப்பி வந்த ஒருவன் ஆபிராமிடம் செய்தி சொன்னான்.

இந்த லோத்து யார்? இதற்கு முந்தைய அதிகாரத்தில், மேய்ச்சல் நிலத்துக்காகச் சண்டை வந்தபோது, நீர்வளமுள்ள நல்ல நிலத்தைத் தனக்கென்று பார்த்து எடுத்துக்கொண்டு போனவர். ஆபிராம் நினைத்திருந்தால், "அவனாகத் தேர்ந்துகொண்ட ஊர், அவனே பார்த்துக்கொள்ளட்டும்" என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. தன் வீட்டில் பயிற்சி பெற்ற 318 ஆள்களைத் திரட்டினார். மம்ரே, எஸ்கோல், ஆனேர் என்ற மூன்று அண்டை வீட்டாரும் அவரோடு உடன்படிக்கை செய்திருந்தவர்கள், அவர்களும் சேர்ந்துகொண்டார்கள். இன்றைய செய்தித்தாள் மொழியில் சொன்னால், தாக்கப்பட்டவர்களைக் காக்க அமைந்த ஒரு கூட்டுப் படை. இரவில் தாக்கி, லோத்தையும் பெண்களையும் மற்ற மக்களையும், பறிபோன பொருள்களையும் மீட்டுக்கொண்டு வந்தார்கள்.

இதற்குப் பிறகு நடந்தது இன்னும் முக்கியமானது. சோதோம் அரசன் ஆபிராமிடம், ஆள்களை எனக்குக் கொடுத்துவிடும், பொருள்களை நீரே வைத்துக்கொள்ளும் என்றான். ஆபிராம் மறுத்தார். ஒரு நூலைக்கூட, ஒரு செருப்பு வாரைக்கூட உன்னிடமிருந்து எடுத்துக்கொள்ள மாட்டேன் என்று கடவுள்மேல் ஆணையிட்டுச் சொன்னார். காக்கப் போனவர், காத்து முடித்தவுடன் வெறுங்கையோடு வீடு திரும்பினார்.

அன்பார்ந்தவர்களே, இந்தப் பகுதியை இன்று நான் எடுத்ததற்குக் காரணம் உண்டு. வருகிற புதன்கிழமை ஜூன் 25. கொரியப் போர் தொடங்கி அன்றோடு 75 ஆண்டுகள் நிறைவடைகின்றன. நம் பிள்ளைகளுக்குக் கொரியா என்றால் கைப்பேசியில் பார்க்கும் தொடர்களும் பாடல்களும்தான். நம் தமிழ்நாட்டில் ஸ்ரீபெரும்புதூர்ப் பக்கம் கொரியக் கார் ஆலையில் நம் இளைஞர்கள் வேலை பார்க்கிறார்கள். ஆனால் அந்த நாடு பட்ட பாடும், அதில் நம் தமிழ் மண்ணைச் சேர்ந்த ஒரு மருத்துவருக்கு இருந்த பங்கும் நம்மில் பலருக்குத் தெரியாது.

1950 ஜூன் 25 ஒரு ஞாயிற்றுக்கிழமை. விடியற்காலையில் வட கொரியப் படை 38-ஆம் அட்சக் கோட்டைத் தாண்டித் தெற்கே நுழைந்தது. மூன்றே நாளில் தலைநகர் சியோல் வீழ்ந்தது. ஐக்கிய நாடுகள் பாதுகாப்பு அவை உடனே கூடியது. அந்த மாதம் அவைக்குத் தலைமை வகித்தவர் ஓர் இந்தியர். நமது அரசமைப்புச் சட்டம் உருவானபோது ஆலோசகராக இருந்த பி. என். ராவ். தாக்குதலை நிறுத்தும்படி அவை கேட்டது. நிற்கவில்லை. தாக்கப்பட்ட நாட்டுக்கு உதவும்படி உறுப்பு நாடுகளை அவை கேட்டுக்கொண்டது. அமெரிக்காவின் தலைமையில் 16 நாடுகள் போர்ப் படைகளை அனுப்பின. ஐக்கிய நாடுகள் கொடியின்கீழ் ஒரு பன்னாட்டுக் கூட்டுப் படை ஒரு நாட்டைக் காக்கப் போரிட்டது அதுவே முதல் முறை.

இங்கே நாம் நிறுத்தி ஒரு கேள்வி கேட்க வேண்டும். அன்பியக் கூட்டங்களில் போரைப் பற்றிய பேச்சு வரும்போதெல்லாம் எழுகிற கேள்விதான்: "சாமி, ஒரு கன்னத்தில் அறைந்தால் மறு கன்னத்தைக் காட்டச் சொன்ன ஆண்டவரைப் பின்பற்றுகிறவர்கள் நாம். ஆயுதம் எடுப்பது எப்படிச் சரியாகும்?" நம் பங்கிலேயே இராணுவத்தில் பிள்ளைகள் இருக்கிற பெற்றோர் இருக்கிறார்கள். சுரங்க வாயிலிலும் அனல்மின் நிலைய வாயிலிலும் துப்பாக்கியோடு நிற்கிற மத்தியத் தொழில் பாதுகாப்புப் படையினரில் நம்மோடு திருப்பலியில் பங்கேற்பவர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்கு இது வெறும் விவாதம் அல்ல, மனச்சான்றின் கேள்வி.

ஆண்டவர் சொன்னது என் கன்னத்தைப் பற்றி. என்னை ஒருவன் அறைந்தால், பழி வாங்காமல் பொறுத்துக்கொள்ள எனக்கு உரிமை உண்டு, அது புனிதமும்கூட. ஆனால் பக்கத்தில் நிற்கிற குழந்தையை ஒருவன் அறையும்போது, அந்தக் குழந்தையின் மறு கன்னத்தைக் காட்டிக்கொடுக்க எனக்கு உரிமை இல்லை. மிலான் நகரின் ஆயர் புனித அம்புரோசியார் நான்காம் நூற்றாண்டிலேயே இதைத் தெளிவாகச் சொன்னார்: அடுத்தவருக்கு நேரும் தீங்கைத் தடுக்க முடிந்தும் தடுக்காதவர், அந்தத் தீங்கைச் செய்தவரைப் போலவே குற்றத்துக்கு உள்ளாகிறார் என்பது அவரது கருத்து. அவரிடம் திருமுழுக்குப் பெற்ற புனித அகுஸ்தினார் இந்தச் சிந்தனையை வளர்த்தார். பின்னர் புனித தோமா அக்குவினார் மூன்று நிபந்தனைகளை வகுத்தார். போரை அறிவிக்க உரிமையுள்ள அதிகாரம் வேண்டும். நியாயமான காரணம் வேண்டும். நேர்மையான நோக்கம் வேண்டும்.

நமது மறைக்கல்வி நூல் இன்னும் கடுமையாகப் பேசுகிறது. தாக்குபவன் செய்யும் தீங்கு நிலையானதும் பாரதூரமானதும் உறுதியானதுமாக இருக்க வேண்டும். அதை நிறுத்த மற்ற எல்லா வழிகளும் பயன்தராமல் போயிருக்க வேண்டும். வெற்றிக்கு உண்மையான வாய்ப்பு இருக்க வேண்டும். எதிர்த்துப் போரிடுவதால் விளையும் தீமை, நீக்க நினைக்கும் தீமையைவிடப் பெரிதாகிவிடக் கூடாது. இவை நான்கும் ஒருசேர இருக்க வேண்டும். இன்றைய ஆயுதங்களின் அழிவுச் சக்தியைப் பார்த்த திருத்தந்தை பிரான்சிஸ், இந்த அளவுகோல்களைக் காட்டி ஒரு போரை நியாயப்படுத்துவது இப்போது மிகக் கடினம் என்று 2020-ஆம் ஆண்டுச் சுற்றுமடலில் எச்சரித்தார்.

ஆக, தாக்கப்பட்டவரைக் காப்பது பாவம் அல்ல, கடமை. ஆனால் அந்தக் கடமைக்கு எல்லை உண்டு. எல்லை எங்கே என்பதைக் கொரியா நமக்குக் கண்ணீரோடு கற்றுத்தருகிறது.

1950 செப்டம்பரில் கூட்டுப் படை இஞ்சோன் துறைமுகத்தில் இறங்கியது. மாத இறுதிக்குள் சியோல் மீட்கப்பட்டது. வந்த நோக்கம் பெருமளவு நிறைவேறிவிட்டது. படையெடுத்தவர்கள் தங்கள் எல்லைக்குத் திரும்பிக்கொண்டிருந்தார்கள். அப்போது, வென்ற கையோடு வடக்கே போய் எல்லாவற்றையும் முடித்துவிடலாம் என்ற ஆசை வந்தது. அக்டோபர் தொடக்கத்தில் ஒரு நள்ளிரவில் சீனப் பிரதமர் சூ என்லாய், பீக்கிங்கிலிருந்த இந்தியத் தூதர் கே. எம். பணிக்கரை அழைத்தார். அமெரிக்கப் படை 38-ஆம் கோட்டைத் தாண்டினால் சீனா போரில் இறங்கும் என்றார். இந்தியா அதை உரியவர்களுக்குத் தெரிவித்தது. யாரும் பொருட்படுத்தவில்லை. படை கோட்டைத் தாண்டியது. சீனப் படை இறங்கியது. கடுங்குளிரில் கூட்டுப் படை பின்வாங்கியது. 1951 ஜனவரியில் சியோல் இரண்டாம் முறையாக வீழ்ந்தது, மார்ச்சில் மீண்டும் மீட்கப்பட்டது. 1953 ஜூலை 27 அன்று போர் நிறுத்தம் கையெழுத்தானபோது, இரு தரப்பும் ஏறக்குறைய தொடங்கிய இடத்திலேயே நின்றன. இடைப்பட்ட காலத்தில் இலட்சக்கணக்கான மக்கள் மாண்டார்கள். வடக்கின் நகரங்கள் குண்டுவீச்சில் தரைமட்டமாயின. காக்க வந்த படையே 1950 ஜூலையில் நோ குன் ரி என்ற ஊரின் பாலத்தடியில் அகதிகளைச் சுட்டுக் கொன்ற கொடுமையும் நடந்தது. நகரங்களை அதில் வாழும் மக்களோடு கண்மூடித்தனமாக அழிப்பது கடவுளுக்கும் மனிதருக்கும் எதிரான குற்றம் என்று இரண்டாம் வத்திக்கான் சங்கம் தீர்ப்புச் சொன்னது இத்தகைய அனுபவங்களுக்குப் பிறகுதான்.

இதைச் சொல்லி அந்தக் கூட்டுப் படையின் உதவியை நான் சிறுமைப்படுத்தவில்லை. அது வராமல் இருந்திருந்தால், தெற்கிலிருந்த மக்களுக்கு இன்றுள்ள வாழ்வு இருந்திருக்காது. அந்த மக்களே அதை இன்றும் நன்றியோடு நினைக்கிறார்கள். நான் சொல்வது ஒன்றுதான். காக்கும் வரை அது ஆபிராமின் போர். காத்து முடித்தபின், இன்னும் கொஞ்சம் என்று கை நீளும்போது, அது சோதோம் அரசன் நீட்டிய பொருளை வாங்கிக்கொள்வது. ஒரு நூல், ஒரு செருப்பு வார்; அங்கேதான் நல்ல போர் கெட்டுப்போகிறது.

நமக்கு இன்னும் அருகில் நடந்த ஒன்றையும் சொல்லலாம். 1990 ஆகஸ்ட் 2 அன்று ஈராக் படை குவைத்தைப் பிடித்தது. அங்கே வேலைக்குப் போயிருந்த தமிழர்களும் மலையாளிகளும் ஒரே இரவில் எல்லாவற்றையும் இழந்தார்கள். ஏர் இந்தியா விமானங்கள் இரண்டு மாதங்களுக்குள் 1,70,000-க்கும் மேற்பட்ட இந்தியர்களை அம்மான் வழியாகத் தாயகம் கொண்டுவந்து சேர்த்தன. முப்பதுக்கும் மேற்பட்ட நாடுகளின் கூட்டுப் படை 1991 பிப்ரவரி இறுதியில் குவைத்தை மீட்டது; மீட்டதும் போரை நிறுத்தியது. ஆனாலும் அந்தப் போர் தொடங்குமுன் திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல், போர் எந்தச் சிக்கலையும் தீர்க்காது என்று இரு தரப்பிடமும் மன்றாடினார். 2003-இல் அதே ஈராக்கின்மீது வேறொரு கூட்டணி படையெடுத்தபோது இன்னும் உறுதியாக எதிர்த்தார். முதலாவதில் படையெடுக்கப்பட்ட ஒரு நாடு உதவிக்கு அழைத்தது. இரண்டாவதில் கூட்டணியே படையெடுத்தது. கூட்டணி என்ற பெயர் மட்டும் ஒரு போரை நியாயமாக்கிவிடாது. பல பேர் சேர்ந்து செய்தாலும் தவறு தவறுதான்.

சரி, கொரியாவில் இந்தியா என்ன செய்தது? சுதந்திரம் பெற்று மூன்றே ஆண்டுகள் ஆன ஏழை நாடு. தாக்குதலைக் கண்டித்தது. ஆனால் போரிடும் படையை அனுப்பவில்லை. மாறாக, ஒரு மருத்துவப் பிரிவை அனுப்பியது. 60-ஆவது பாராசூட் கள மருத்துவப் பிரிவு. சுமார் 350 பேர். அதற்குத் தலைவர் லெப்டினன்ட் கர்னல் ஏ. ஜி. ரங்கராஜ். பெயரிலேயே ஆற்காட்டைச் சுமந்தவர், சென்னையில் மருத்துவம் படித்தவர், பாராசூட்டில் குதித்த முதல் இந்தியப் படைவீரர்களில் ஒருவர்.

1950 நவம்பரில் அவர்கள் கொரியா போய்ச் சேர்ந்தார்கள். சில நாள்களிலேயே பின்வாங்கல் தொடங்கிவிட்டது. பியோங்யாங் நகரிலிருந்து எல்லாரும் ஓடுகிறார்கள். மருத்துவப் பிரிவுக்கு வண்டிகள் இல்லை. சாமான்களை விட்டுவிட்டு வரலாம் என்ற நிலை. மருந்தையும் அறுவைச் சிகிச்சைக் கருவிகளையும் விட்டுவிட்டால், நாளை காயம்பட்டு வருகிறவனுக்கு என்ன செய்வது? ரங்கராஜும் அவருடைய ஆள்களும் கைவிடப்பட்டுக் கிடந்த ஒரு நீராவி எஞ்சினையும் சில பெட்டிகளையும் கண்டுபிடித்தார்கள். தாங்களே நெருப்பு மூட்டி, தாங்களே ஓட்டி, பாலம் தகர்க்கப்படுவதற்குச் சற்று முன் ஆற்றைக் கடந்தார்கள். கொதிகலன் பற்றி நெய்வேலிக்காரர்களுக்குச் சொல்லித் தர வேண்டியதில்லை. எரிபொருளும் தண்ணீரும் கைக்கு எட்டாத இடத்தில், எதிரி நெருங்கும் வேளையில், அணைந்து கிடந்த எஞ்சினை உயிர்ப்பிப்பது எவ்வளவு பெரிய வேலை என்று இங்கே ஷிப்ட் பார்க்கிற ஒவ்வொருவருக்கும் தெரியும்.

1951 மார்ச் 23. அது பெரிய வெள்ளிக்கிழமை. முன்சான் என்ற இடத்தில் அமெரிக்கப் பாராசூட் படையினர் ஆயிரக்கணக்கில் வானிலிருந்து குதித்தார்கள். அவர்களோடு ரங்கராஜும் சேர்த்து 12 இந்திய மருத்துவப் பணியாளர்கள் குதித்தார்கள். சுற்றிலும் குண்டு விழும் இடத்தில் காயம்பட்டவர்களுக்கு மருத்துவம் செய்தார்கள். இந்தப் பிரிவின் ஒரு பகுதி டேகு நகரில் தங்கிச் சாதாரணக் கொரிய மக்களுக்கு மருத்துவம் பார்த்தது. திரும்பி வரும்வரை, மூன்று ஆண்டுகளுக்கு மேலாக, இரண்டு இலட்சத்துக்கும் மேற்பட்டோருக்கு இவர்கள் சிகிச்சை அளித்தார்கள். ரங்கராஜுக்கு நம் நாடு மகா வீர் சக்கர விருது அளித்தது.

நல்ல சமாரியர் உவமையை நினைத்துப் பாருங்கள். அடிபட்டுக் கிடந்தவனின் சமயத்தை அந்தச் சமாரியர் கேட்கவில்லை. எண்ணெயும் இரசமும் ஊற்றிக் காயத்தைக் கட்டினார். ரங்கராஜ் கத்தோலிக்கர் அல்லர். ஆனால் நம் ஆண்டவர் பெரிய வெள்ளியன்று நமக்காகக் காயப்பட்ட அதே நாளில், முன்பின் தெரியாதவர்களின் காயத்தைக் கட்டுவதற்காக வானிலிருந்து இறங்கினார். நீயும் போய் அப்படியே செய் என்று ஆண்டவர் சொன்னதை, பெயர் தெரியாத எத்தனையோ பேர் இப்படிச் செய்து காட்டியிருக்கிறார்கள்.

அதே வாரத்தில், அதே நாட்டில், வடக்கே பியோக்டாங் என்ற இடத்துக் கைதிகள் முகாமில் ஓர் அருள்பணியாளர் இருந்தார். எமில் கபான். அமெரிக்காவின் கான்சாஸ் மாநிலத்து விவசாயக் குடும்பத்தில் பிறந்தவர், படைவீரர்களின் ஆன்ம குரு. களத்தில் ஜீப் வண்டியின் முன்பக்கத்தையே பீடமாக்கித் திருப்பலி நிறைவேற்றியவர். 1950 நவம்பரில் அவரது படை சூழப்பட்டபோது, தப்பிப் போக வாய்ப்பு இருந்தும் காயம்பட்டவர்களை விட்டுப் போக மனமின்றித் தங்கிவிட்டார். காலில் அடிபட்டுக் கிடந்த ஒரு வீரரை எதிரி சுடப் போனபோது, துப்பாக்கியைக் கையால் விலக்கிவிட்டு அந்த வீரரைத் தூக்கிக்கொண்டு நடந்தார். முகாமில் பசியால் சாகிறவர்களுக்காக, சிலுவையில் ஆண்டவரோடு தொங்கிய நல்ல கள்வரிடம் வேண்டிக்கொண்டு, காவலர்களின் கிடங்கிலிருந்து உணவை எடுத்துவந்து பகிர்ந்தார்.

மார்ச் 25, உயிர்ப்பு ஞாயிறு. அப்பமும் இல்லை, இரசமும் இல்லை. திருப்பலி நிறைவேற்ற முடியவில்லை. ஆனாலும் தடையை மீறி, பல சபைகளைச் சேர்ந்த கைதிகளையும் கூட்டி, உயிர்ப்புப் பெருவிழா வழிபாட்டை நடத்தினார். இரண்டு மாதத்தில், மே 23 அன்று, 35-ஆம் வயதில் இறந்துபோனார். இந்த ஆண்டு பிப்ரவரியில் திருத்தந்தை பிரான்சிஸ், தம் இறுதி நோயில் மருத்துவமனையில் இருந்தபோது, அவரை வணக்கத்துக்குரியவராக அறிவிக்கும் ஆணைக்கு ஒப்புதல் அளித்தார்.

அன்பார்ந்தவர்களே, அப்பம் இல்லாத இடத்தில் அந்தக் குரு தாமே அப்பமானார். இன்றைய நற்செய்தியில், மக்களை ஊருக்கு அனுப்பிவிடலாம் என்ற சீடர்களிடம், நீங்களே அவர்களுக்கு உணவு கொடுங்கள் என்கிறார் ஆண்டவர். ஐந்து அப்பமும் இரண்டு மீனும் இருந்த இடத்தில் அது கடினமாகத் தெரிந்தது. ஒன்றுமே இல்லாத இடத்தில் கபான் அதைச் செய்தார்.

இன்னும் ஒரு நிகழ்வு. போர் நின்றபின், தம் நாட்டுக்குத் திரும்ப மறுத்த 22,000-க்கும் மேற்பட்ட கைதிகளை யார் பொறுப்பில் வைப்பது என்ற சிக்கல் எழுந்தது. இரு தரப்பும் ஏற்றுக்கொண்ட நாடு இந்தியா. ஜெனரல் திம்மையா நடுநிலை நாடுகள் ஆணையத்துக்குத் தலைமை ஏற்றார். இந்தியக் காவற்படை அந்தக் கைதிகளைக் காத்தது. இறுதியில் வடக்கும் வேண்டாம், தெற்கும் வேண்டாம், சீனாவும் வேண்டாம் என்ற 88 பேரை இந்தியா தன்னோடு அழைத்து வந்தது. 1954 பிப்ரவரியில் அவர்கள் கப்பலில் வந்து இறங்கிய துறைமுகம் நம் சென்னை. நம் நாடு அந்தப் போரிலிருந்து கொண்டுவந்தது நிலமும் அல்ல, பொருளும் அல்ல. போக இடமில்லாத 88 மனிதர்கள். ஆபிராம் லோத்தை அழைத்து வந்ததைப் போல.

இவற்றிலிருந்து நமக்கு என்ன பாடம்? மூன்றைச் சொல்கிறேன்.

முதலாவது, துன்புறும் அடுத்தவரைப் பார்த்து ஒதுங்காதீர்கள். நம் தெருவில் கணவனை இழந்த ஒரு பெண்ணின் மனையை உறவுக்காரரே வளைத்துப் போடுகிறார் என்று வையுங்கள். "குடும்பச் சண்டை, நமக்கு எதற்கு" என்று கதவைச் சாத்திக்கொள்வது எளிது. நான்கு வீட்டார் சேர்ந்து அந்தப் பெண்ணோடு தாலுகா அலுவலகத்துக்குப் போனால், காவல் நிலையத்துக்குப் போனால் நிலைமை மாறும். ஆபிராமுக்கு மம்ரே, எஸ்கோல், ஆனேர் இருந்தார்கள். நமக்கு அன்பியம் இருக்கிறது. வாரம் ஒரு நாள் கூடிச் செபித்துத் தேநீர் குடித்துக் கலைவதற்காக மட்டும் அன்பியம் ஏற்படவில்லை.

இரண்டாவது, உதவி முடிந்ததும் கையைக் கழுவிக்கொண்டு திரும்புங்கள். இது முதலாவதைவிடக் கடினம். ஒரு வழக்கில் உதவியவர், "என்னால்தான் உனக்கு இந்த நிலம் மிஞ்சியது" என்று வாழ்நாள் முழுவதும் சொல்லிக் காட்டுவார். பங்குப் பேரவைத் தேர்தலில் ஆதரவு கேட்பார். அந்த வீட்டுப் பெண்ணின் திருமணத்தை முடிவு செய்யும் உரிமைகூடத் தனக்கு உண்டு என்று நினைப்பார். காக்கப் போனவரே இப்போது படையெடுத்தவர் ஆகிவிட்டார். உதவி பெற்றவர் நம் கடனாளி என்ற எண்ணம் எழும்போதெல்லாம், அந்தச் செருப்பு வாரை நினைத்துக்கொள்ளுங்கள்.

மூன்றாவது, போரை வேடிக்கையாக்காதீர்கள். இந்த நாள்களில் மேற்கு ஆசியாவிலிருந்தும் உக்ரைனிலிருந்தும் வருகிற காட்சிகளைக் கிரிக்கெட் ஆட்டம் போலப் பார்க்கிறோம். ஏவுகணை விழுவதைக் கைதட்டிப் பகிர்கிறோம். அது விழுந்த இடத்தில் ஒரு தாய் இருந்தாள் என்பதை மறந்துவிடுகிறோம். நம் மறைமாவட்டத்து ஊர்களிலிருந்து வளைகுடா நாடுகளுக்குப் போன பிள்ளைகள் எத்தனை பேர்! அவர்களின் பெற்றோர் இரவில் உறங்காமல் தொலைபேசியைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். யாருடைய நியாயம் பெரியது என்று பேசுவதற்கு முன், அந்த வீடுகளுக்கு ஒரு முறை போய் வாருங்கள்.

நெய்வேலி மக்களுக்கு ஒன்று நன்றாகத் தெரியும். நம் சுரங்கத்தில் பழுப்பு நிலக்கரிப் படலத்துக்கு அடியில் நிலத்தடி நீர் பெரும் அழுத்தத்தோடு இருக்கிறது. இரவு பகல் பாராமல் அதை இறைத்துக்கொண்டே இருந்தால்தான் சுரங்கம் நிற்கும். இறைப்பதை நிறுத்தினால் அடித்தளத்தைப் பிளந்துகொண்டு நீர் பொங்கிவிடும். அமைதியும் அப்படித்தான். ஒருமுறை கையெழுத்துப் போட்டால் முடிந்துவிடும் காரியம் அல்ல. கொரியாவில் போர் நிறுத்தம் ஆகி 72 ஆண்டுகள் ஆகப் போகின்றன. அமைதி ஒப்பந்தம் இன்னும் இல்லை. மனித மனத்துக்கு அடியில் பகையும் பேராசையும் அழுத்திக்கொண்டே இருக்கின்றன. அன்றாடம் செபத்தாலும் மன்னிப்பாலும் இறைத்துக்கொண்டே இருக்க வேண்டும்.

அது முடியாத காரியமும் அல்ல. கொரியாவில் எதிரெதிர் அணிகளை ஆதரித்த நாடுகளே, சில ஆண்டுகளில் இந்த நெய்வேலி மண்ணில் வந்து உதவின. நம் முதல் சுரங்கத்துக்குத் தோண்டும் எந்திரங்கள் ஜெர்மனியிலிருந்து வந்தன. முதல் அனல்மின் நிலையம் சோவியத் ஒன்றியத்தின் உதவியோடு எழுந்தது. ஒரே குழியில் இரண்டு முகாம்களின் இரும்பும் வேலை செய்தது. அதிலிருந்து நம் வீடுகளுக்கு வெளிச்சம் வந்தது.

கொரியத் திருச்சபை ஜூன் 25-ஐ நாட்டின் ஒப்புரவுக்காகவும் ஒற்றுமைக்காகவும் செபிக்கும் நாளாகக் கடைப்பிடிக்கிறது. வரும் புதன்கிழமை மாலை, உங்கள் குடும்பச் செபமாலையில் ஒரு பத்து மணியைக் கொரிய மக்களுக்காகவும், போரில் சிக்கியுள்ள எல்லா நாடுகளுக்காகவும், எல்லையில் காவல் நிற்கும் நம் பிள்ளைகளுக்காகவும் ஒப்புக்கொடுங்கள். 2027-இல் உலக இளையோர் நாள் சியோல் நகரில் நடைபெற இருக்கிறது. நம் இளைஞர்கள் இப்போதே அந்த நாட்டை வெறும் பாடல்களுக்கு அப்பால் அறிந்துகொள்ளட்டும்.

இன்று மாலை நற்கருணைப் பவனி நம் வீதிகளில் வரும்போது, ஆண்டவர் எதையும் எடுத்துக்கொள்ள வருவதில்லை, தம்மையே கொடுக்க வருகிறார் என்பதை நினைத்துக்கொள்ளுங்கள். நம்மைத் தீமையிடமிருந்து மீட்கப் போரிட்டவர் அவர். அந்தப் போரில் அவர் யாருடைய இரத்தத்தையும் சிந்தவில்லை, தம் இரத்தத்தையே சிந்தினார். மீட்டபின் நம்மிடம் கூலி கேட்கவில்லை. அப்பமும் இரசமுமாக நம் முன் வந்து நிற்கிறார். அவரை உட்கொள்கிற நாம் அவரைப் போலவே ஆவோமாக.

செபிப்போம். அமைதியின் அரசராகிய ஆண்டவரே, தாக்கப்படுகிறவர்களைக் காக்கும் துணிவை எங்களுக்குத் தாரும். காத்தபின் எதையும் பற்றிக்கொள்ளாத தூய உள்ளத்தைத் தாரும். காயம்பட்டவரின் சாதியும் சமயமும் நாடும் கேட்காமல் குனிந்து கட்டுகிற கைகளைத் தாரும். போரில் இறந்த எல்லாருக்கும், எங்கள் தரப்பினர் என்றும் எதிர்த் தரப்பினர் என்றும் நாங்கள் பிரித்துப் பார்க்கும் எல்லாருக்கும், உமது நிலையான அமைதியை அருளும். எல்லாம் வல்ல இறைவன் தந்தை, மகன், தூய ஆவியார் உங்களையும் உங்கள் குடும்பங்களையும் ஆசீர்வதிப்பாராக. ஆமென்.